சுந்தரபாய் பிடித்த சாவி

நேசமணியின் வெள்ளைக்கல் கம்மல் காணாமல் போனது ஆடித்தபசுத் திருவிழா முடிந்த பிறகுதான் தெரிந்தது. அவர்களுக்குக் கீழே ஜவுளிக்கடை, மாடியில் வீடு. தபசு நாட்களில் சுற்றுப்பட்டு ஊர்ச் சனமெல்லாம் சங்கரன்கோவிலில்தான் இருக்கும். கடையில் ஆள் போதாமல் வீட்டுப் பெண்களும் இறங்கித் துணி மடிப்பார்கள். கடை ஆட்கள் மாடிக்கு ஏறி வந்து அவசரமாகச் சாப்பிட்டுவிட்டு இறங்குவார்கள். எந்தக் கதவும் பூட்டியிருப்பதில்லை. கம்மலைப் பஞ்சில் சுற்றிப் பவுடர் டப்பாவுக்குள் வைத்து அலமாரியில் வைத்ததாக நேசமணி சொன்னாள். டப்பா இருந்தது. பஞ்சும் இருந்தது.

நேசமணி சத்தம் போடவில்லை. அவள் எதற்கும் சத்தம் போடுகிறவள் அல்ல. மூத்த மகன் தேவசுந்தரம் போலீசுக்குச் சொல்லலாம் என்றபோது, கடை வைத்திருக்கிற வீட்டுக்குப் போலீஸ் வரக்கூடாது என்றாள். குருவிகுளம் பக்கம் ஒருவர் மை போட்டுப் பார்ப்பதாகக் கடையின் மூத்த ஆள் கோமதிநாயகம் மெல்லச் சொன்னார். பைபிள் படிக்கிற விசுவாசிகள் வீட்டில் அந்தப் பேச்சே கூடாது என்று அவரையும் அடக்கினாள். பிறகு சிவகிரியிலிருந்து தன் அண்ணன் ஞானஒளிவை வரச் சொல்லி ஆள் அனுப்பினாள்.

ஞானஒளிவு சபையில் உபதேசியாராக இருந்து ஓய்வு பெற்றவர். அவர் வந்தால் என்ன செய்வார் என்பது வீட்டில் எல்லாருக்கும் தெரியும். அவர்கள் குடும்பத்தில் அதற்குச் சாவி வைத்துப் பார்ப்பது என்று பெயர். பழைய பெரிய இரும்புச் சாவி ஒன்றை, அதன் வளையம் மட்டும் வெளியே தெரியும்படி வேதப்புத்தகத்துக்குள் வைத்து நாடாவால் இறுக்கிக் கட்டுவார்கள். இரண்டு பேர் ஆளுக்கு ஒரு விரலை வளையத்துக்கு அடியில் கொடுத்துத் தூக்க வேண்டும். புத்தகம் அந்தரத்தில் தொங்கும். ஜெபம் செய்துவிட்டு ஒவ்வொரு பெயராகச் சொல்ல வேண்டும். எடுத்தவர் பெயர் வந்ததும் புத்தகம் சுற்றும். மை போடுவது பாவம் என்று சொல்கிறவர்கள் இதைப் பாவம் என்று நினைக்கவில்லை. ஆனால் சபைப் பாதிரியாரான ஐயருக்கு மட்டும் தெரியாமல் பார்த்துக்கொண்டார்கள்.

அன்று சனிக்கிழமை. மூத்த மருமகள் ஞானரத்தினம் பெண்கள் உயர்நிலைப் பள்ளியில் பௌதிகம் எடுக்கிறவள். கண்காட்சிக்குச் சாமான்கள் சேர்த்துவிட்டு அவள் வீடு திரும்பியபோது எல்லாம் முடிந்திருந்தது. மாடிப்படிக்குக் கீழே பாத்திரம் தேய்க்கும் தங்கத்தாய் உட்கார்ந்திருந்தாள். அவள் முகத்தில் தான் தப்பிவிட்ட ஆறுதல் தெரிந்தது.

"என் பேருக்கு அசையவே இல்லம்மா. சின்னம்மா பேருக்குத்தான் சுத்திட்டு."

சின்னம்மா என்றது சுந்தரபாயை. நேசமணியின் இளைய மகன் தேவதாசனின் மனைவி. ரெண்டு வருஷத்துக்கு முன் ராயகிரியில் அவள் அண்ணன் வீட்டுக்கு விருந்துக்குப் போன இடத்தில் தேவதாசனுக்கு மஞ்சள் காமாலை வந்தது. அங்கே பச்சிலை கொடுத்துப் பார்த்துவிட்டு, கண் முழுக்க மஞ்சளான பிறகுதான் இங்கே கொண்டு வந்தார்கள். அவன் செத்துப்போனான். அதைப் பற்றி நேசமணி ஒருநாளும் ஒரு வார்த்தை கேட்டதில்லை. ஆனால் அதற்குப் பிறகு அவள் சுந்தரபாயைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதும் இல்லை. ஏட்டி என்பாள், இல்லாவிட்டால் இங்கன வா என்பாள். அவளைப் பார்த்து மற்றவர்களுக்கும் அதுவே பழகிப்போனது. சுந்தரபாய்க்கும் போக இடம் கிடையாது. அவள் அண்ணன் மனைவி, வந்தால் சாப்பிட்டுவிட்டு அன்றைக்கே பஸ் ஏறிவிட வேண்டும் என்று முகத்துக்கு நேரே சொல்லியிருந்தாள். இந்த மாடியில் சமையல்கட்டை ஒட்டிய அறைதான் அவளுக்கு உலகத்தில் இருந்த ஒரே இடம். இப்போது அதுவும் போகப்போகிறது.

ஞானரத்தினம் போய்ப் பார்த்தபோது சுந்தரபாய் அந்த அறையில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். அழுத மாதிரித் தெரியவில்லை.

"நான் எடுக்கலைக்கா" என்றாள்.

"தெரியும்" என்றாள் ஞானரத்தினம். புத்தகத்தைப் பிடித்தது யார் என்று கேட்டாள். அத்தையும் அத்தானும் என்று பதில் வந்தது. ஞானரத்தினத்துக்கு உடனே எல்லாம் விளங்கிவிட்டது. விளங்கிய அந்த நிமிஷத்தில் அவளுக்குள் எழுந்தது சுந்தரபாய் மீது இரக்கமா, ஒரு கணக்குக்கு விடை வந்துவிட்ட சந்தோஷமா என்று பிரித்துப் பார்க்க அவளால் முடிந்திருக்கும். அவள் பிரித்துப் பார்க்கவில்லை.

அவளுக்குத் தன்னைப் பற்றி ஒன்று தெரியும். கண்ணாடித் தம்ளரில் தண்ணீரை நிரப்பி, தபால் அட்டையை மூடிக் கவிழ்த்துப் பிடித்து, கையை எடுக்கப் போகிற அந்தக் கணத்தில் பிள்ளைகள் எல்லாரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்ப்பார்கள் அல்லவா, அந்தக் கணத்துக்காகத்தான் அவள் வாத்திச்சியாக இருந்தாள். தண்ணீர் விழாது என்று அவளுக்கு மட்டும் தெரியும். வீட்டிலும் விருந்தாள்கள் வந்தால் தேவசுந்தரம் அவளைக் கூப்பிட்டு, அந்த முட்டையைப் பாட்டிலுக்குள்ள விடுததைக் காட்டு என்பான். பாட்டிலுக்குள் எரியும் காகிதத்தைப் போட்டு, வாயில் அவித்த முட்டையை வைத்தால் அது தானாக உள்ளே போகும். வெளியே இருக்கிற காற்று தள்ளுகிறது என்று அவள் சொல்வதை யாரும் கேட்பதில்லை, கைதட்டுவார்கள். அவள் மனசுக்குள் வெட்கப்படுவாள். ஆனாலும் அடுத்த முறை கூப்பிட்டால் முட்டையை உரித்து வைத்துக்கொண்டு தயாராக இருப்பாள்.

மறுநாள் ஞாயிறு, கோவிலில் ஆராதனை முடிந்து, கறிச்சோறு சாப்பிட்டு, எல்லாரும் பெரிய அறையில் காற்றாடிக்குக் கீழே இருந்தபோது அவள் ஆரம்பித்தாள். சுந்தரபாயை ராயகிரிக்கு அனுப்புவது என்று காலையிலேயே பேச்சு முடிந்திருந்தது. எப்போது என்பதுதான் பாக்கி. ஞானரத்தினம் யாரையும் எதிர்த்துப் பேசவில்லை. விளையாட்டுக் காட்டுவதுபோலத் தன் மோதிரத்தைக் கழற்றித் தையல் நூலில் கட்டினாள். ஒரு தாளில் நீளமாக ஒரு கோடு போட்டு, அதன் குறுக்கே இன்னொரு கோடு போட்டாள். நூலின் நுனியைத் தேவசுந்தரத்தின் கையில் கொடுத்து, மோதிரம் தாளுக்கு மேலே தொங்குகிற மாதிரிப் பிடிக்கச் சொன்னாள். கையை அசைக்கவே கூடாது, இந்த நீளக் கோட்டில் மோதிரம் போய் வருகிறது என்று மனசில் மட்டும் நினைக்க வேண்டும் என்றாள்.

கொஞ்ச நேரம் ஒன்றும் இல்லை. பிறகு மோதிரம் கோட்டோடு ஆட ஆரம்பித்தது. இப்போது குறுக்குக் கோட்டை நினையுங்கள் என்றாள். மோதிரம் தயங்கி, வட்டமடித்து, குறுக்கே ஆடியது.

தேவசுந்தரம் குழந்தைபோலச் சிரித்தான். "நான் ஒண்ணும் செய்யலையே" என்றான்.

ஞானஒளிவும் பிடித்துப் பார்த்தார். அவர் கையில் இன்னும் வேகமாக ஆடியது. அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடியும் பிடித்தார். பிறகு ஞானரத்தினம் அதே நூலைக் காலண்டர் மாட்டியிருந்த ஆணியில் கட்டித் தொங்கவிட்டாள். இப்போது எவ்வளவு வேண்டுமானாலும் நினையுங்கள் என்றாள். நேசமணியும் சேர்ந்து மூன்று பேரும் மோதிரத்தை முறைத்துப் பார்த்தார்கள். அது அசையவில்லை.

அவள் விளக்கினாள். ஒன்றை நினைத்தால் அந்தப் பக்கமாகச் சதை மயிரிழை அளவு இழுக்கும். இழுக்கிறவர்களுக்கே தெரியாது. ஊஞ்சலில் இருக்கிற பிள்ளையைச் சரியான நேரம் பார்த்து ஒரு விரலால் தள்ளிக்கொண்டே இருந்தால் ஊஞ்சல் பெரிதாக ஆடவில்லையா, அதுபோல நூல் அந்தச் சின்ன இழுப்பைச் சேர்த்துச் சேர்த்துப் பெரிதாக்கிவிடும்.

அதன்பிறகு சாவி கட்டிய வேதப்புத்தகத்தை எடுத்துவரலாமா என்று மாமியாரிடம் அனுமதி கேட்டாள். நேசமணி தலையசைத்தாள். இரண்டு ஸ்டூல்களை எதிரெதிரே போட்டு, ஒவ்வொன்றிலும் ஒரு பென்சிலை நுனி வெளியே நீட்டும்படி வைத்து, மேலே அம்மிக் குழவியையும் இஸ்திரிப் பெட்டியையும் ஏற்றினாள். சாவி வளையத்தை இரண்டு பென்சில் நுனியிலும் தாங்க வைத்தாள். மாமாவே பெயர் சொல்லட்டும் என்றாள். ஞானஒளிவு ஜெபம் செய்யாமல் எப்படி என்று யோசித்து, சின்னதாக ஒரு ஜெபமும் செய்தார். தங்கத்தாய் என்றார். கோமதிநாயகம் என்றார். சுந்தரபாய் என்றார். சத்தமாக இன்னொரு தடவை சுந்தரபாய் என்றார். பென்சில் மேல் புத்தகம் மரம் மாதிரித் தொங்கியது.

சமையல்கட்டு வாசலில் நின்றுகொண்டிருந்த சுந்தரபாய் சிரித்தாள். ரெண்டு வருஷத்தில் அவள் பல் தெரியச் சிரித்து ஞானரத்தினம் பார்த்ததில்லை.

அங்கேயே நிறுத்தியிருக்கலாம். பென்சிலுக்குச் சுற்றாதது விரலுக்கு ஏன் சுற்றியது என்று அவர்களே யோசித்துக்கொள்ள விட்டிருக்கலாம். ஆனால் வகுப்பில் கடைசி வரியைக் கரும்பலகையில் எழுதாமல் அவள் மணியடிக்க விடுவதில்லை.

"சாவிக்கு ஒண்ணும் தெரியாது அத்தை. பிடிக்கவங்க மனசுல யாரை நினைச்சிருக்காங்களோ, அந்தப் பேரு வரும்போது அவங்க விரலு அசையும்."

தேவசுந்தரத்தின் முகத்திலிருந்த சிரிப்பு போயிற்று. நேற்றுப் பிடித்தது அவனும் அம்மாவும். ஞானரத்தினம் அதைப் பார்த்தாள். அந்தக் கணம் அவளுக்கு இனித்தது. இத்தனை வருஷம் முட்டை உரித்ததற்கும் சேர்த்து இனித்தது.

நேசமணி தாளிலிருந்த கோடுகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவளுக்குக் கோபம் வந்த மாதிரி இல்லை.

"அப்போ பிடிக்கவ மனசுல இருக்கதுதான் விரலுக்கு வருதுங்கே."

"ஆமா அத்தை."

"அவளுக்குத் தெரியாமலே வரும். அவளால மறைக்க முடியாது."

"மறைக்க முடியாது."

"நல்லதாப் போச்சு" என்றாள் நேசமணி. "நாங்க பிடிச்சது தப்புதான். அவளே பிடிக்கட்டும்."

ஞானரத்தினம் வேண்டாம் என்றாள். யோசித்துச் சொன்னதல்ல, வாயிலிருந்து தானாக வந்தது. ஏன் வேண்டாம் என்று தேவசுந்தரம் கேட்டான். அவன் குரலில் ஒரு சுறுசுறுப்பு வந்திருந்தது. அவள் பதிலைத் தேடுவதற்குள் சுந்தரபாய் ஈரக்கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு அறைக்குள் வந்துவிட்டாள். யாரும் அவளைப் பிடித்து இழுத்துவரவில்லை. அவளுக்கு விருப்பமாகவே இருந்தது. மனசில் இருப்பதுதான் விரலில் வரும் என்று அக்காவே சொல்லிவிட்டாள். அக்கா சொன்னது எதுவும் பொய்த்ததில்லை. தன் மனசில் கம்மல் இல்லை. அப்படியென்றால் பயம் என்ன.

"நான் பிடிக்கேன்க்கா. எனக்கென்ன" என்றாள்.

ஞானஒளிவு புத்தகத்தைப் பென்சிலிலிருந்து எடுத்து அவள் கையில் கொடுத்தார். இரண்டு கை ஆள்காட்டி விரல்களாலும் வளையத்தைத் தாங்கிக்கொண்டு அவள் நடு அறையில் நின்றாள். புத்தகம் கனம். சற்று நேரத்திலேயே விரல் நுனிகள் வெளுத்தன. ஞானஒளிவு தங்கத்தாய் என்றார். அசையவில்லை. கோமதிநாயகம் என்றார். அசையவில்லை. சுந்தரபாய் ஞானரத்தினத்தைப் பார்த்துச் சின்னதாகச் சிரித்தாள், பரீட்சையில் தெரிந்த கேள்வி வந்த பிள்ளை சிரிப்பதுபோல.

அடுத்த பெயரை நேசமணி சொன்னாள். நாற்காலியிலிருந்து எழுந்திருக்காமல், சத்தத்தை உயர்த்தாமல், ரெண்டு வருஷமாகத் தன் வாயால் சொல்லாத பெயரைச் சொன்னாள்.

"சுந்தரபாய்."

சுந்தரபாயின் முகம் திரும்பியது. அவளை மாமியார் பெயர் சொல்லிக் கூப்பிட்டுவிட்டாள். புத்தகம் வலப்பக்கமாக அரைவட்டம் சுற்றி, வளையம் நழுவி, தரையில் விழுந்தது.

"நான் அசைக்கலை" என்றாள் சுந்தரபாய்.

"நீ அசைக்கலைன்னு எங்களுக்குத் தெரியும்" என்றாள் நேசமணி. "அதைத்தான ஞானம் இவ்வளவு நேரம் படிச்சுப் படிச்சுச் சொன்னா."

ஞானஒளிவு குனிந்து வேதப்புத்தகத்தை எடுத்துத் தூசியைத் தட்டிக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். நேற்று வரைக்கும் எனக்கே ஒரு சந்தேகம் இருந்தது, இன்றைக்குப் படிப்பே சாட்சி சொல்லிவிட்டது என்றார்.

ஞானரத்தினம் பேசினாள். வேகமாக, வகுப்பில் பேசாத மாதிரிப் பேசினாள். இது அப்படி அல்ல என்றாள். குற்றம் இருந்தாலும் விரல் அசையும், பயம் இருந்தாலும் அசையும், விரலுக்கு அந்த வித்தியாசம் தெரியாது என்றாள். தன் பெயருக்குச் சுற்றிவிடுமோ என்று நினைத்தாலே போதும், சுற்றும் என்றாள். எடுக்காதவர்கள் பிடித்தாலும் சுற்றும், யார் பிடித்தாலும் சுற்றும்.

"யாரு பிடிச்சாலுமா?" என்று கேட்டாள் நேசமணி.

"ஆமா."

"அப்போ நீ பிடி மக்கா. உன் பேரை அண்ணன் சொல்லட்டும்."

அவள் அதைப் பிரியமாகத்தான் சொன்னாள். ஞானஒளிவு நாடாவை மறுபடி இறுக்கிப் புத்தகத்தை நீட்டினார். தேவசுந்தரம் மனைவியைப் பார்த்துக்கொண்டிருந்தான். சுந்தரபாயும் பார்த்தாள்.

செய்ய வேண்டியது அதுதான் என்று ஞானரத்தினத்துக்குத் தெரியும். பென்சிலை வைத்துச் செய்தது பாதிதான். எடுக்காத ஒருத்தி பிடித்து, தன் பெயருக்கே சுற்றிக் காட்டினால்தான் சோதனை முழுமையாகும். அவள் பிடித்தால் நிச்சயம் சுற்றும். இந்த நிமிஷம் அவள் கை இருக்கிற நிலையில் பெயரைச் சொல்லக்கூட வேண்டாம். சுற்றினால் சுந்தரபாய் பிழைப்பாள். ஆனால் அந்த அறையில் இருந்தவர்கள் பௌதிகம் படிக்கிற பிள்ளைகள் அல்ல. ஞானரத்தினம் பெயருக்கும் சுற்றியது என்பதை அவர்கள் எப்படி எடுத்துக்கொள்வார்கள்? சின்னவள் எடுத்துப் பெரியவளிடம் கொடுத்தாள் என்று ஆகலாம். இரண்டு பேரும் சேர்ந்தா என்று ஆகலாம். தேவசுந்தரம் இனிமேல் அலமாரியைத் திறக்கும்போதெல்லாம் தன் பக்கம் திரும்பிப் பார்ப்பான். சபையில் பெண்கள் பேசிக்கொள்வார்கள். பள்ளிக்கூடத்துக்கு எட்ட எத்தனை நாள் ஆகும். இவையெல்லாம் ஒன்றன்பின் ஒன்றாக அவள் நினைத்தவை அல்ல. மொத்தமாக ஒரே கனமாக வந்து கையில் உட்கார்ந்தன. அவள் கையைத் தூக்கவில்லை.

"எனக்கு எதுக்கு அத்தை" என்றாள்.

அதற்குப் பிறகு யாரும் எதையும் நிரூபிக்க வேண்டியிருக்கவில்லை. நேசமணி சுந்தரபாயை மன்னித்துவிட்டதாகச் சொன்னாள். கம்மலைத் திருப்பிக் கேட்கப் போவதில்லை, ஊரில் சொல்லப் போவதும் இல்லை, கொஞ்ச நாள் அண்ணன் வீட்டில் இருந்து மனந்திரும்பட்டும் என்றாள். எல்லாரும் எழுந்து நின்று ஜெபம் செய்தார்கள். சுந்தரபாயும் கண்ணை மூடிக்கொண்டு நின்றாள். ஊரில் சொல்லப் போவதில்லை என்றதைத் தங்கத்தாய் மாடிப்படியிலேயே உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தாள். சாயங்காலத்துக்குள் பூக்கடை வரைக்கும் போய்விட்டது. கம்மல் கடைசி வரைக்கும் கிடைக்கவில்லை.

திங்கட்கிழமை காலையில் ஞானரத்தினம் பள்ளிக்கூடத்துக்குப் போகிற வழியில் சுந்தரபாயைப் பஸ் நிலையத்தில் விடப் போனாள். தேவசுந்தரம்தான் கூடப் போகச் சொன்னான். ராயகிரிக்குப் போக ஏற வேண்டிய சிவகிரி பஸ் இன்னும் வந்திருக்கவில்லை. தபசு முடிந்தும் ஊருக்குத் திரும்பாத சனம் மூட்டைகளோடு தரையில் உட்கார்ந்திருந்தது. ஞானரத்தினம் வழி நெடுகச் சொல்ல நினைத்து வைத்திருந்ததைச் சொன்னாள். நேற்று தான் பிடித்திருக்க வேண்டும் என்றாள். பயந்துவிட்டேன் என்றாள். சொல்லி முடித்ததும் அவள் மனசு கொஞ்சம் லேசானது. அது அவளுக்கே அருவருப்பாக இருந்தது.

சுந்தரபாய் அதைக் கேட்டுக்கொண்ட மாதிரி இல்லை. அவளுக்கு வேறு யோசனை ஓடிக்கொண்டிருந்தது. ராத்திரி முழுக்க அதையே யோசித்தவள் போலக் கண் சிவந்திருந்தது.

"அக்கா, நான் ஒண்ணு கேக்கேன். விரலு அசையுதது எனக்குத் தெரியாதுன்னீங்கள்லா?"

"ஆமா."

"சத்தியமா எனக்குத் தெரியலைக்கா. நான் கல்லு மாதிரிதான் நின்னேன். ஆனா அசைஞ்சிருக்கு." அவள் சுற்றிலும் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள். "எனக்குத் தெரியாமலே விரலு அசையும்னா, எனக்குத் தெரியாமலே கையி கம்மலையும் எடுத்திருக்குமோ?"

இல்லை என்றாள் ஞானரத்தினம். அப்படி நடக்காது, அது வேறு இது வேறு என்றாள். மயிரிழை இழுப்பு வேறு, நடந்துபோய் அலமாரியைத் திறந்து டப்பாவை எடுப்பது வேறு என்றாள். சொல்லச் சொல்லத் தன் குரல் பாடம் நடத்துகிற குரலாக மாறுவதை அவளே கேட்டாள்.

சுந்தரபாய் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "உங்களுக்கு எப்படிக்கா தெரியும்?" என்றாள். குத்திக்காட்டும் கேள்வி அல்ல. அவளுக்கு நிஜமாகவே பதில் வேண்டியிருந்தது. "தபசு அன்னிக்கு அந்த அறைக்குள்ள நான் போயிருக்கேன். துண்டு எடுக்கப் போனேன். அலமாரியத் திறந்தேனா இல்லையான்னு இப்ப யோசிச்சா எனக்குச் சரியா வரமாட்டேங்குது. திறந்த மாதிரியும் இருக்கு."

"நீ எடுக்கலை" என்றாள் ஞானரத்தினம்.

"சரிக்கா" என்றாள் சுந்தரபாய், பெரியவர்கள் மனசு நோகக்கூடாது என்று ஒத்துக்கொள்வதுபோல.

பஸ் வந்தது. சனம் மூட்டைகளைத் தூக்கிக்கொண்டு முண்டியது. யாரோ ஒரு பெண் இடம் பிடித்துக்கொடுக்க, சுந்தரபாய் ஜன்னலோரம் உட்கார்ந்தாள். பக்கத்தில் வந்து உட்கார்ந்த அந்தப் பெண் தன் கைப்பையை இருவருக்கும் நடுவில் சீட்டில் வைத்தாள். சுந்தரபாய் அதைப் பார்த்தாள். பிறகு இன்னும் கொஞ்சம் ஜன்னல் பக்கம் ஒதுங்கி, தன் வலது கையை மடியில் வைத்து, அதை இடது கையால் இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். பஸ் திரும்பிப் போகிறவரை அந்தப் பிடியை அவள் விடவில்லை.